ஐந்தாம் நம்பர் பஸ் வராது

நம்புகிறவர்கள் நம்புங்கள், மற்றவர்கள் பக்கத்தைத் திருப்பிக்கொண்டு போங்கள். நான் ஒரு வார்த்தை கூட்டிச் சொல்லப் போவதில்லை. நேரமெல்லாம் ரேடியோ ஸ்டேஷன் நோட்டில் என் கையெழுத்திலேயே இருக்கிறது. 1978 ஜனவரி 17, செவ்வாய்க்கிழமை.

அமெரிக்காவின் வடக்கு டகோட்டாவில் கார்வெல் என்ற சின்ன ஊர். அங்கே ஆயிரம் வாட் ஏ.எம். ரேடியோவில் காலை அறிவிப்பாளர் நான், ஆர்லின் ட்வெய்ட். ஐந்து மணிக்குத் தொடங்கினால் கோதுமை விலை, பன்றி விலை, வானிலை, எட்டேகாலுக்குச் சாவுச் செய்தி. பத்து மணிக்கு ‘ஊர்ச் சந்தை’. யார் வேண்டுமானாலும் போன் பண்ணிப் பழைய சாமானை விற்கலாம். என் அண்ணன் ஆர்விட் கிழவி குரலில் கூப்பிடுவான். “ஒரு தம்பி விலைக்கு இருக்கான். வாய் நல்லா வேலை செய்யும், வேற ஒண்ணும் செய்யாது.” ஊரே சிரிக்கும். பள்ளிக்கூடத்தின் ஐந்தாம் நம்பர் பஸ்ஸை ஓட்டுபவன் அவன்தான்.

பனிக்காலத்தில் பள்ளி விடுமுறை, பஸ் ரத்து எல்லாம் நாங்கள் வாசித்தால்தான் ஊருக்குத் தெரியும். அதற்கு ஒரு ரகசிய நம்பர் உண்டு. போன் பண்ணுகிறவர் அதைச் சொன்னால்தான் வாசிக்க வேண்டும். முந்தைய வருஷம் ஒரு வால் பையன் என்னை ஏமாற்றி ஊர்ப் பள்ளிக்கே லீவு விட்டுவிட்டான். முதலாளி லிண்டால் அன்றைக்கே சொன்னார், “இன்னொரு தடவை நம்பர் கேக்காம வாசிச்சே, வேலை போச்சு!”

அன்று குளிர் பூஜ்யத்துக்குக் கீழே முப்பத்தொன்று. மனைவி டோரிஸுக்கு ஆஸ்பத்திரியில் இரவு வேலை. என் எட்டு வயது மகள் இங்ரிட் தனியாக எழுந்து, ரேடியோவில் என் குரலைக் கேட்டுக்கொண்டே சாப்பிட்டுவிட்டு, ஆறு இருபதுக்கு ரோட்டோரம் போய் நிற்பாள். பஸ்ஸில் ஏறும் முதல் பிள்ளை அவள். அந்தக் குளிரில் அரை மணி நேரம் நின்றால் பிள்ளை பிழைக்காது. ஆனால் அவள் பெரியப்பா ஒரு நாளும் தாமதமாக வந்ததில்லை.

5:52. போன் அடித்தது.

“தம்பி... அஞ்சாம் நம்பர் பஸ் வராது. ரேடியோல சொல்லிடு.”

“ஏன்ணே, வண்டி கிளம்பலையா?”

“வராது. பிள்ளைங்க வெளிய நிக்க வேண்டாம்.”

பின்னால் ஏதோ சொட்டுகிற சத்தம். டப்... டப்... அந்தக் குளிரில் எங்கே தண்ணீர் சொட்டும்? அப்போது எனக்கு உறைக்கவில்லை.

“சரி, நம்பரைச் சொல்லு.”

“அது எனக்கெங்கடா தெரியும்?”

வாஸ்தவம்தான். தலைமையாசிரியர் பிரெக்கேவுக்கும் எனக்கும் மட்டுமே தெரியும். எனக்கு அந்தக் கிழவி குரல் ஞாபகம் வந்தது. காலங்காத்தால விளையாட்டா?

“போய் நம்பரை வாங்கிட்டு வா. இல்லாட்டி லிண்டால் என்னைக் கழுத்தைப் புடிச்சு வெளிய தள்ளிடுவாரு.”

வைத்துவிட்டேன். ஒரு போல்கா பாட்டு இசைத்தட்டைப் போட்டேன்.

6:04. மறுபடி போன்.

“நாற்பத்தேழு.”

அவ்வளவுதான். சரியான நம்பர்!

“அண்ணே... யாருகிட்ட கேட்ட? எங்கேருந்து பேசுற?”

டப்... டப்... மூச்சு விடும் சத்தமே இல்லை.

“சொல்லிடுடா...”

லைன் செத்துவிட்டது.

6:05. வாசித்தேன். மூன்று தடவை வாசித்தேன்.

7:20. ஷெரிஃப் ஆபீஸிலிருந்து போன். அண்ணனின் பஸ் ஓடைப் பாலத்தில் சறுக்கி, பனிக்கட்டியை உடைத்துக்கொண்டு அவனோடு சேர்ந்து தண்ணீருக்குள் போய்விட்டது. ரொட்டி வேன்காரர் 5:40க்குப் பார்த்திருக்கிறார். தண்ணீருக்கு அடியில் விளக்கு எரிந்துகொண்டிருந்ததாம். அவர் சொன்னதை ஷெரிஃப் பதிவு செய்த நேரம், 5:47.

எனக்கு வந்த முதல் போன், 5:52.

அழுகை வரவில்லை. பயமும் வரவில்லை. ஏழரைக்குப் பன்றி விலை வாசித்தேன். மறுநாள் எட்டேகாலுக்குச் சாவுச் செய்தி. “ஆர்விட் ட்வெய்ட், வயது நாற்பத்தொன்று.” அதே குரலில்தான் வாசித்தேன்.

விபத்து நடந்த அன்றே, காலை ஒன்பது மணிக்கு பிரெக்கே ஸ்டேஷனுக்கு வந்தார்.

“நம்பரை யார் குடுத்தா, ஆர்லின்?”

“அண்ணன்தான்.”

“நான் யாருகிட்டயும் சொல்லலையே. நம்பர் எழுதின தாள் எம் மேஜைக்குள்ளதான், அது பூட்டியே இருக்கு.”

இருவரும் போனோம். விபத்தால் அன்று லீவு, பள்ளிக்கூடம் பூட்டியிருந்தது. அவர் அறை பூட்டியிருந்தது. மேஜையும்தான்.

திறந்தார்.

மற்ற தாள்களெல்லாம் காய்ந்து கிடந்தன. நம்பர் எழுதிய தாள் மட்டும்... சொட்டச் சொட்ட நனைந்திருந்தது. ஓரத்தில் ஓடைப் பாசி.

ஒன்பது பிள்ளைகளைக் காப்பாற்றினேன் என்று ஊர் இன்றைக்கும் என் கையைப் பிடித்துக் குலுக்குகிறது. இங்ரிட்டும் அப்படித்தான் நினைக்கிறாள்.

செத்துப்போன என் அண்ணனை, போய் நம்பரை வாங்கிக்கொண்டு வா என்று அனுப்பியவன் நான்.