பார்த்துக்கொண்டிருந்த ஒரு காலை

எட்டாவதோடு பனியன் கம்பெனிக்கு வந்துவிட்டேன். தைத்த துணியில் பிசிறு வெட்டும் வேலை. கை வெட்டிக்கொண்டிருக்கும், காதில் போன் ஓடும். அப்படித்தான் ஸ்டோயிக் என்ற பழைய கிரேக்கக் கூட்டத்தைப் பற்றிக் கேட்டேன். சாவு நம் கையில் இல்லை, இருக்கும்போது எப்படி இருக்கிறோம் என்பதுதான் நம் கையில். அதனால் வீட்டு ஆட்களைப் பார்க்கும்போது, இவர்கள் ஒருநாள் இருக்கமாட்டார்கள் என்று மனதுக்குள் நினைத்துக்கொள் என்பார்களாம்.

அதை அம்மாவிடம் சொன்னேன்.

“வெளக்கு வெக்கற நேரத்துல பேசற பேச்சாடி இது?”

அண்ணன் சிரித்தான். “உடுங்கம்மா. அப்படியாச்சும் இந்த ஊட்ல என்னைய ஒருத்தி மதிக்கட்டும்.”

ஒரு மாதத்துக்குள், சோமனூருக்குத் தறி வேலைக்குப் போன அண்ணன் வண்டியில் லாரி மோதிவிட்டது. வீடு நிறைய ஆட்கள் இருக்கும்போது அம்மா என்னைக் காட்டிச் சொன்னாள்: “இவ நெனச்சா. அவன் போயிட்டான்.”

அதற்குப் பிறகு என்னிடம் பேசவில்லை. சோறு போடுவாள், தட்டை நகர்த்திவிட்டுப் போய்விடுவாள். நினைத்ததால் யாரும் சாவதில்லை என்று எனக்குத் தெரியும். ஆனாலும் மிஷின் சத்தத்துக்குள் அழும்போது, அம்மா சொன்னது சரியோ என்று தோன்றும். போனில் இருந்த அந்தப் பேச்சையெல்லாம் அழித்துவிட்டேன்.

போன ஞாயிற்றுக்கிழமை, துணி துவைத்துக்கொண்டிருந்த அம்மா நிமிராமல் கேட்டாள்.

“அன்னைக்கு என்னத்தத் தின்னுட்டுப் போனான்?”

அன்று அம்மா விடியும் முன்பே தன் கம்பெனி வேனில் வேலைக்குப் போய்விட்டாள். அவன் கிளம்பும்போது வீட்டில் நான் மட்டும்தான்.

“தோசைங்கம்மா. கடைசியில பாதியப் பிச்சு என்ற தட்டுல போட்டுட்டான். சட்னில உப்பில்லைன்னான். பல்லுல கறிவேப்பில இருக்குதுன்னேன், வண்டிக் கண்ணாடில பாத்து எடுத்தான். ‘என்ன அம்மிணி, மாப்ள பாக்க வந்தவளாட்டம் பாக்கற’ன்னான்.”

அம்மாவின் கை நின்றுவிட்டது. “இத்தனையும் எப்படி ஞாபகம் வெச்சிருக்க?”

“அன்னைக்குத்தான் அப்படி நெனச்சுக்கிட்டே பாத்தேன்ம்மா. அதான்.”

சொல்லிவிட்டுப் பயந்தேன். மற்ற நாட்களில் அவன் எப்படிக் கிளம்பினான் என்று கேட்டால் எனக்கு எதுவும் தெரியாது. அந்தக் கிரேக்கர்களால் என் அழுகை நிற்கவில்லை. ஒரு காலையை மட்டும் முழுசாகக் கொடுத்திருக்கிறார்கள். அம்மாவுக்கு அதுகூட இல்லை.

அம்மா சோப்புக் கையோடு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

“மறுக்கா சொல்லு கண்ணு. மெதுவாச் சொல்லு.”

தோசையிலிருந்து ஆரம்பித்தேன்.