முன்பக்கம் எது என்று காட்டிய சகாயமேரி அக்கா

சகாயமேரி அக்கா காலமான செய்தி கொடைக்கானலில் இருக்கும் என் சாக்லேட் கடைக்குத்தான் வந்தது. காலை நேரம், சீசன் கூட்டம். மதுரையிலிருந்து வந்த ஒரு குடும்பத்துக்கு முந்திரி சாக்லேட் நிறுத்துக்கொண்டிருந்தேன். எங்கள் நாடகக் குழுவில் தவில் வாசிக்கும் முருகேசன் போனில், "அண்ணே, அக்கா தவறிட்டாங்க. வெள்ளனே தூக்கத்துலயே முடிஞ்சிருச்சாம்" என்றான். நான் பாட்டுக்குத் தராசில் சாக்லேட்டை அள்ளி அள்ளி வைத்துக்கொண்டே இருந்திருக்கிறேன். "போதுங்க, போதுங்க" என்று அந்த அம்மா சொன்ன பிறகுதான் கை நின்றது. என்ன விஷயம் என்று கேட்டார்கள். எங்கள் டைரக்டர் இறந்துவிட்டார் என்றேன். சினிமாவா என்றார்கள். இல்லை, நாடகம் என்றேன். "இன்னுமா நாடகமெல்லாம் போடுறாங்க?" என்றார் வீட்டுக்காரர், உண்மையான ஆச்சரியத்தோடு.

எனக்கு வந்த கோபத்துக்கு அவரை ஏரியில் தள்ளியிருப்பேன். ஆனால் இந்தக் கேள்வியை அக்காவிடம் எத்தனையோ பேர் கேட்டிருக்கிறார்கள். அவர் சண்டை போட்டதே இல்லை. இடத்தையும் நேரத்தையும் சொல்லி வரச் சொல்லுவார், அவ்வளவுதான். நானும் அதையே செய்தேன். "ஞாயித்துக்கிழமை பண்ணைக்காட்டுல போடுறோம், நீங்க எறங்குற வழிதான், பாத்துட்டுப் போங்க" என்றேன். அந்த ஞாயிறு போட்டோமா என்று கேட்காதீர்கள், போட்டோம். நிறுத்தியிருந்தால் அக்கா சவப்பெட்டிக்குள்ளிருந்து எழுந்து வந்திருப்பார். மதுரைக் குடும்பம் வரவில்லை, அது வேறு கதை.

இதைப் படிக்கிறவர்களில் பாதிப் பேருக்கு அவர் நர்சம்மா. உங்கள் பிள்ளைகளுக்குத் தடுப்பூசி போட்டவர், உங்கள் அப்பாவுக்குக் கட்டு மாற்றியவர். மீதிப் பேருக்கு அவர் மலையெல்லாம் சுற்றி நாடகம் போட்டவர். எனக்கு இரண்டும் ஒரே நாளில் ஆரம்பித்தது. கையில் ஆணி கிழித்து ஊசி போட்டுக்கொள்ள ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தேன். ஊசி என்றால் எனக்கு உயிர் போய்விடும். நான் போட்ட சத்தத்தில் வராந்தாவில் உட்கார்ந்திருந்தவர்கள் எல்லாம் எழுந்து நின்றுவிட்டார்கள். அக்கா ஊசியை வைத்துவிட்டு என்னை மேலும் கீழும் பார்த்தார். "ஏலே, இம்புட்டுத் தொண்டைய வச்சிக்கிட்டா சாக்லேட்டு வித்துக்கிட்டுத் திரியுற? சாயங்காலம் வா, ஒனக்கு ஒரு சோலி இருக்கு" என்றார். அந்தச் சோலி ராஜா வேடம். இன்றுவரை மார்க்கெட்டில் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறவர்கள் குறைவு. ராசா என்றால்தான் தெரியும்.

நாடகம் என்னவென்றால், ஒரு ராஜா மலைக்கு வருகிறான். மேகம் இறங்கி அவன் முகத்தை மறைத்துவிடுகிறது. என் முகத்தைக் குடிமக்கள் பார்க்க முடியாமல் போனதே என்று கொதித்துப்போய், மேகத்தைக் கட்டி இழுத்து வரச் சொல்லி உத்தரவு போடுகிறான். ஊர்க்காரர்கள் சரிங்க ராசா, சரிங்க ராசா என்று சொல்லிச் சொல்லியே அவனைக் கிறுக்கனாக்கி அனுப்பிவிடுகிறார்கள். கதை அக்காவுடையது. நாங்கள் போட்டதில் அதிகம் ஓடியது அதுதான்.

முதல் தடவை அதைப் பூம்பாறையில் போட்டபோது நடந்த கூத்தைச் சொல்ல வேண்டும். பூண்டு பிடுங்கி முடிந்து வயல்கள் சும்மா கிடந்த சமயம். மலைச்சரிவில் படிப்படியாக இறங்கும் வயல்கள். நாங்கள் டவுன் மூளையோடு யோசித்தோம். மேடை என்றால் மேட்டில் இருக்க வேண்டும், சனம் கீழே உட்கார்ந்து அண்ணாந்து பார்க்க வேண்டும். நல்ல மேடான ஒரு வயலில் பின்னால் ஒரு படுதாவைக் கட்டி, மேடையின் முகத்தைக் கீழ்ப்பக்கம் திருப்பி வைத்துத் தவில் அடித்தோம். ஊரே வந்தது. வந்த சனம் ஒருவர் பாக்கியில்லாமல் எங்களுக்குப் பின்னால், மேலே இருந்த வயல் வரப்புகளில் போய் வரிசையாக உட்கார்ந்துவிட்டது. கீழ் வயலில் ஒரு ஈ காக்கா இல்லை.

கூப்பிட்டுப் பார்த்தோம். "கீழ ஈரமாக் கெடக்குங்க. ஈரத்துல எவன் உக்காருவான்? நீங்க ஆடுங்க, எங்களுக்கு இங்கருந்தே நல்லாத் தெரியுது" என்றார் பேச்சியம்மாள். பூண்டு விவசாயம் செய்கிறவர், அந்த ஊரில் அவர் வார்த்தைக்கு மறு வார்த்தை கிடையாது. அவர்களுக்கு நல்லாத் தெரிந்தது என்ன தெரியுமா? படுதாவுக்குப் பின்னால் நான் பனியனோடு நின்று மீசை ஒட்டிக்கொண்டிருந்தது. மந்திரியும் அவரை ஏய்க்கப்போகிற ஊர்க்காரனும் ஒரே பீடியை மாற்றி மாற்றி இழுத்தது. விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள். நாடகம் இன்னும் ஆரம்பிக்கவே இல்லை.

நான் ஆட மாட்டேன் என்று கிரீடத்தைக் கழற்றினேன். இந்த சனத்துக்கு முன்பக்கம் எது பின்பக்கம் எது என்றே தெரியவில்லை என்று கத்தினேன். அக்கா வந்து கிரீடத்தை எடுத்து மறுபடி என் தலையில் அமுக்கினார். "சனம் எங்க உக்காருதோ அதுதான்யா முன்பக்கம். திரும்பு" என்றார். படுதாவை அவிழ்த்து எறிந்தோம். திரும்பி நின்று, மேலே அண்ணாந்து பார்த்துப் பேசினோம். நான் ராஜா, உத்தரவு போடுகிறேன். தலைக்கு மேலே உட்கார்ந்திருக்கிற சனம் குனிந்து என்னைப் பார்க்கிறது. அந்த இடத்திலேயே நாடகம் புரிந்துவிட்டது. "மேகத்தைக் கட்டி இழுத்து வாருங்கள்!" என்று நான் கர்ஜித்ததும், மேலேயிருந்து பேச்சியம்மாள், "கயிறு நீங்க கொண்டாந்தீங்களா ராசா, நாங்க குடுக்கணுமா?" என்றார். எங்கள் வசனத்தில் அது இல்லை. அடுத்த ஊரிலிருந்து இருந்தது.

அதற்குப் பிறகு மலையில் எங்கே போனாலும் நாங்கள் பள்ளத்தில், சனம் மேட்டில். நடுவில் மேகம் இறங்கி ஒன்றுமே தெரியாமல் போனால், "நிறுத்தாதீங்க, சத்தத்தக் கூட்டுங்க, சனம் கிட்ட வந்துக்கிரும்" என்பார் அக்கா. சத்தத்தைப் பிடித்துக்கொண்டு சனம் இறங்கி வரும். ஒரு தடவை பெரும்பாறையில் மேகம் விலகியபோது, எனக்கும் மந்திரிக்கும் நடுவில் ஒரு பெரியவர் நின்றுகொண்டு வெற்றிலை மென்றுகொண்டிருந்தார்.

இவ்வளவு சுற்றினாலும் அக்காவின் மனசு கிடந்தது கொடைக்கானலில் இருக்கும் ஒரு பழைய கல் ஹாலில்தான். ஏரிக்கு மேலே, ஓட்டுக்கூரையும் மரத்தரையுமாக இருக்கிறதே, அது. வெள்ளைக்காரர்கள் கோடையில் நாடகம் போட்டுக்கொள்ளக் கட்டிக்கொண்டது. அக்காவின் அப்பா அங்கே வாட்ச்மேன். சின்ன வயதில் அக்கா மேடையின் பக்கவாட்டுக் கதவு இடுக்கில் நின்றுதான் நாடகம் பார்த்திருக்கிறார். உள்ளே வந்து உட்கார முடியாது. "எல்லாரையும் சைடுலயேதான் பாத்தேன். ரொம்ப நாளைக்கு, நாடகக்காரங்களுக்கெல்லாம் ஒத்தக் காதுதான் இருக்கும்னு நெனச்சேன்" என்று சொல்லிச் சிரிப்பார். சிரித்து முடித்ததும், "பூம்பாறை சனம் அந்த ஹால்ல உக்காந்து பாக்கணும்லே. அத நான் கண்ணால பாக்கணும்" என்பார். பூம்பாறைக்காரர்கள் பலருக்கு அந்தக் கட்டடம் பஸ் ஜன்னலில் வந்து போவது, அவ்வளவுதான். அவர்கள் உள்ளே வருவதற்கு ஒரு காரணமும் இருந்ததில்லை. வெள்ளைக்காரர் போய் வேறு பெரிய மனிதர்கள் வந்தார்கள், அவ்வளவுதான் வித்தியாசம்.

ஹால் கமிட்டித் தலைவர் எஸ்டேட் வைத்திருந்தவர், எந்நேரமும் கோட்டு போட்டிருப்பார். அக்கா அவரிடம் நடையாய் நடந்தார். தரை கீறல் விழும், செருப்பில் மண் வரும் என்று அவர் ஒவ்வொன்றாகச் சொல்ல, அக்கா அவருக்கு பிரஷர் பார்த்துக்கொண்டே பதில் சொல்லிச் சொல்லி ஒரு வழியாகச் சம்மதம் வாங்கினார்.

அந்த நாள் வந்தது. பூம்பாறையிலிருந்து தனி பஸ். பெண்கள் எல்லாம் திருவிழாவுக்கு எடுத்த சேலையில் வந்து இறங்கினார்கள். அக்கா வாசலில் நின்று ஒவ்வொருவரையும் கையைப் பிடித்து உள்ளே கூட்டிப் போய் நாற்காலியில் உட்கார வைத்தார். முன்வரிசையில் கமிட்டிக்காரர்கள். நாடகம் ஆரம்பித்தது. நான் வந்தேன். கர்ஜித்தேன். ஒரு சத்தம் இல்லை. மேகத்தைக் கட்டி இழுத்து வரச் சொன்னேன், கயிறு கேட்பார்களே என்று காத்துக்கொண்டு நின்றேன். பேச்சியம்மாள் மடியில் கையைக் கோத்துக்கொண்டு, போட்டோவுக்கு உட்கார்ந்த மாதிரி உட்கார்ந்திருந்தார். முன்வரிசையில் யாரோ நாகரிகமாக ரெண்டு தட்டு தட்டினார்கள். அட கடவுளே, எனக்கு வேர்த்துக் கொட்டிவிட்டது.

இடைவேளையில் மேடைக்குப் பின்னால் போனால், அக்கா ஒரு பெட்டி மேல் உட்கார்ந்திருந்தார். அவர் முகம் அப்படி விழுந்து நான் பார்த்ததே இல்லை. "ஆஸ்பத்திரி வராந்தாவுல டோக்கன் வாங்கிட்டு உக்காந்திருக்க மாதிரி உக்காந்திருக்காங்கலே. உள்ள கூட்டிட்டு வந்துட்டேன். ஆனா இன்னும் வெளியதான் நிக்கிறாங்க" என்றார். முருகேசன் தவிலைத் தடவிக்கொண்டிருந்தான். நான் டீ வாங்கி வரட்டுமா என்று கேட்டேன், வேறென்ன கேட்பது? கொஞ்ச நேரம் கழித்து அக்கா எழுந்தார். சேலையை இழுத்துச் செருகினார். வார்டுக்குள் ரவுண்டு போகிற நடையில் மேடைக்குப் போனார்.

"பூம்பாறைக்காரங்க எல்லாம் வெரசா மேல ஏறி வாங்க" என்றார். யாரும் அசையவில்லை. "இந்த மேடையில ஒக்காருங்க. ராசா கீழ போவாரு. வாங்க ஆத்தா" என்று பேச்சியம்மாளைக் கையைப் பிடித்து இழுத்தார். ஒருவர் ஏறினார், இருவர் ஏறினார்கள், பிறகு சனம் சரசரவென்று ஏறி மேடை முழுக்கச் சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டது. நாற்காலிகளை ஓரம் தள்ளிவிட்டு நாங்கள் மரத்தரையில் இறங்கினோம். கமிட்டிக்காரர்கள் நடுவில் மாட்டிக்கொண்டார்கள். அக்கா தலைவரைப் பார்த்து, "நீங்க மேல ஒக்காருறீங்களா, இல்ல ராசா கூட ஆடுறீங்களா?" என்றார். அவர் கோட்டைக் கழற்றி நாற்காலியில் போட்டுவிட்டு, முட்டி கடகடவென்று சத்தம் போட மேடையேறி, பேச்சியம்மாள் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார்.

நான் நடு ஹாலில் நின்று அண்ணாந்து பார்த்து மறுபடியும் முதலிலிருந்து உத்தரவு போட்டேன். பேச்சியம்மாள் ஒரு பெருமூச்சு விட்டு, "இந்த ராசாவுக்குக் காலையிலருந்து இதே சோலிதானா?" என்றார். ஹால் அதிர்ந்தது. அந்த ஓட்டுக்கூரை அப்படியொரு சிரிப்பைக் கேட்டிருக்காது. அக்கா பக்கவாட்டுக் கதவில் சாய்ந்து நின்று பார்த்துக்கொண்டிருந்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டார். நான் பார்த்துவிட்டேன் என்று தெரிந்ததும், வசனத்தை ஒழுங்காகப் பேசு என்று கையால் அதட்டினார்.

போன வாரம் அதே ஹாலில்தான் அக்காவுக்கு இரங்கல் கூட்டம். மேடையில் மாலை போட்ட படம், அதன் இருபக்கமும் பெரியவர்களுக்கு நாற்காலிகள். பூம்பாறை பஸ் கொஞ்சம் பிந்தி வந்தது. கூட்டம் நடந்துகொண்டிருக்கும்போது கதவைத் திறந்துகொண்டு உள்ளே வந்தவர்கள், இடப்பக்கம் வலப்பக்கம் பார்க்காமல் நேராக மேடைப்படிக்குப் போனார்கள். படியருகே நின்றவர் பதறி, "அம்மா, அம்மா, மேடை விஐபிங்களுக்கு" என்றார். பேச்சியம்மாள், "தெரியும்யா, அதான் வந்திருக்கோம். நகரு" என்று சொல்லிவிட்டு ஏறினார். பின்னாலேயே அத்தனை பேரும். கமிட்டித் தலைவர் இதைப் பார்த்துச் சிரித்துவிட்டார். தன் நாற்காலியைத் தானே தூக்கிக்கொண்டு கீழே இறங்கினார். மற்றப் பெரியவர்களும் ஒவ்வொருவராக இறங்க வேண்டியதாயிற்று.

சனம் உட்கார்ந்து முடித்ததும் பேச்சியம்மாள், "நர்சம்மா எங்களுக்கு முதுகக் காட்டிக்கிட்டு இருக்காங்க. அவங்களயும் கீழ எறக்குங்க" என்றார். நானும் முருகேசனும் படத்தை இறக்கி, ஹாலின் நடுவே ஒரு நாற்காலியில், மேடையைப் பார்க்க வைத்தோம். அக்கா எல்லாரையும் சைடிலேயே பார்த்த அந்த ஹாலில், அவர் முகத்தை அந்த சனம் முழுக்க நேராகப் பார்த்தது.

அடுத்து நான் பேச வேண்டும். எழுதிக்கொண்டு போயிருந்தேன். வாயைத் திறந்தேன், சத்தம் வரவில்லை. ஊசி போட்டதற்கு ஆஸ்பத்திரியை எழுப்பியவனுக்கு அன்றைக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது. மேலேயிருந்து பேச்சியம்மாள், "கேக்கல ராசா!" என்று கத்தினார். பின்னாலிருந்து இன்னொரு குரல், "சத்தமாச் சொல்லுங்க, அவங்களுக்கும் கேக்கட்டும்" என்றது. எல்லாரும் சிரித்தார்கள், நானும் அழுதுகொண்டே சிரித்தேன். அப்புறம் பேச்சு வந்தது. அக்காவிடமிருந்து எனக்கென்று மிஞ்சியிருப்பது என்ன என்று கேட்டால், இவர்கள்தான். அந்த ஹாலுக்குள் வந்து, மேலே உட்கார்ந்துகொண்டு, என்னை அதட்டுகிற இந்த சனம்.