பிஸ்கால் எழுதாத மெசின்

மெசின் எண்ணெய் வாசம் எங்கே அடித்தாலும், தில்லையடியில் இப்போது இல்லாத எங்கள் தகரக் கொட்டிலும் அதன் வாசலோரம் உம்மா மிதித்த தையல் மெசினின் கடகடப்பும் நினைவுக்கு வந்துவிடுகின்றன. யுத்தம் முடிந்த மறுவருடம், கடன் வழக்கில் நாங்கள் தோற்றதால் சாமான்களைப் பறிமுதல் செய்ய நீதிமன்றத்துப் பிஸ்கால் வந்த காலையில், மெசினை அடுத்த வீட்டில் ஒளிக்கச் சொன்னார் வாப்பா. உம்மா மறுத்து, அயல் பிள்ளைகளின் பள்ளிக்கூடச் சட்டைகளைக் குவித்துவைத்து மிதிக்கத் தொடங்கினார்.

"இது எங்கட தொழில் சாமான், சேர். இதை எடுக்க ஏலா எண்டு சட்டத்தில இருக்கு. லோயரிட்ட கேட்டுட்டுத்தான் சொல்லுறன்."

பிஸ்கால் சட்டைக் குவியலைப் பார்த்தார். அலுமாரியையும் கதிரைகளையும் மட்டும் எழுதிக்கொண்டார். அவை ஏறிய லொறி மறைந்த பிறகுதான், அதுவரை வெறுமனே குத்திக்கொண்டிருந்த ஊசியில் உம்மா நூல் கோத்தார்.