பெஞ்ச் கிளார்க் மரிவோன்

மரிவோன் லெஸ்காவின் முகம் பிரான்சில் பாதிப் பேருக்குப் பழக்கம். பெயர்தான் யாருக்கும் தெரியாது. லோரியான் துறைமுகத்தில் மீன் ஏலம் விட்டவரின் மகள். இருபது வயதில் பாரிசுக்கு வந்து நடிப்புப் பள்ளியில் சேர்ந்தாள். நர்ஸ், கன்னியாஸ்திரி, கதாநாயகனுக்குக் கதவு திறந்துவிடும் வேலைக்காரி என்று முப்பது வருடம் படங்களில் வந்து வந்து போனாள். இடையில் ஒரு கல்யாணம் நடந்து முறிந்தது.

ஐம்பத்தோரு வயதில் ஓபர்தோ என்ற இயக்குநர் அவளுக்கு ஒரு தாய் வேடம் கொடுத்தார். கொலை செய்த மகனுக்காகத் தாய் நீதிமன்றத்தில் பேசும் காட்சி, நான்கு நிமிடம். ருவான் நகரத்தில் ஒரு பகல் முழுக்க எடுத்தார்கள். கடைசித் தடவை அவள் பேசி முடித்ததும் ஒலிப்பதிவுக்காரர் ஹெட்போனைக் கழற்றிவிட்டு முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

படத்தின் முதல் திரையிடலுக்குத் தங்கை அர்மெலை ஊரிலிருந்து வரவழைத்திருந்தாள். திரையில் நீதிமன்றம் வந்தது. தாயாக மரிவோன் எழுந்து நின்றாள். முதுகு மட்டும் தெரிந்தது. உடனே கதாநாயகியின் கண்ணீர். அடுத்தது சிறைவாசல்.

"இனிமேதான் வருமாக்கா?" என்று அர்மெல் இருட்டில் மெதுவாகக் கேட்டாள்.

படம் முடிந்து நடந்த விருந்தில் ஓபர்தோவே தேடிக்கொண்டு வந்தார். "தப்பா நினைக்காதீங்க மரிவோன். ரொம்ப நல்லாப் பண்ணிட்டீங்க, அதான் சிக்கலே. நீங்க பேசினதுக்கப்புறம் அந்தக் கதாநாயகிப் பொண்ண யாரும் பாக்கவே மாட்டேங்கறாங்க. படம் அவளோடதுதானே?"

"ஒரு வார்த்தை முன்னாடியே சொல்லியிருக்கலாம்," என்றாள் மரிவோன். "தங்கச்சியக் கூட்டிட்டு வந்திருக்க மாட்டேன்."

அவர் அவள் தோளைத் தட்டிவிட்டு வேறு யாரிடமோ பேசப் போய்விட்டார். அந்தக் காட்சியின் பிரதியையாவது தரும்படி இரண்டு முறை கடிதம் எழுதினாள். வெட்டியதையெல்லாம் வைத்துக்கொள்வதில்லை என்று பதில் வந்தது.

பிறகு ஒரு தொலைக்காட்சித் தொடரில் பெஞ்ச் கிளார்க் வேடம் கிடைத்தது. ஒன்பது வருடம், வாரத்துக்கு இரண்டு வரி வசனம். வீட்டருகே மொந்த்ரெய் சந்தையில் காய்கறிக்காரர், "கிளார்க்கம்மா, இன்னிக்கு யாருக்குத் தண்டனை?" என்று கேலி செய்வார். பத்தாவது வருடம் படப்பிடிப்புக்கு அழைப்பு வரவில்லை. ஒரு வியாழக்கிழமை வீட்டில் சூப் குடித்துக்கொண்டே தொடரைப் பார்த்தாள். "நம்ம கிளார்க்கம்மா ஓய்வு வாங்கிட்டுப் போயிட்டாங்களே," என்று நீதிபதி யாரிடமோ சொன்னார். அவளுக்குத் தெரிந்ததே அப்போதுதான். ஏஜெண்டின் அலுவலகத்துக்குப் போன் செய்தாள். அங்கே புதிதாகச் சேர்ந்திருந்த பெண், பெயரை ஒவ்வோர் எழுத்தாகச் சொல்லச் சொன்னாள்.

வாய்ப்பில்லாத நடிகர்கள் சிலரைப் போல அவளும் மருத்துவக் கல்லூரிக்குப் போகத் தொடங்கினாள். அங்கே நோயாளியாக நடிக்க வேண்டும். கெட்ட செய்தியை எப்படிச் சொல்வது என்று மாணவர்கள் அவளிடம் பயிற்சி எடுப்பார்கள். அவள் ஒவ்வொருவரிடமும் ஒவ்வொரு விதமாக உடைந்து அழுதாள். ஒரு மாணவி தாங்காமல் அறையை விட்டே வெளியேறினாள். அதைப் பார்த்தவர்கள் நான்கு பேராசிரியர்கள் மட்டும்.

அறுபத்துநாலாவது வயதில் அவளுக்கே வயிற்றுவலி வந்தது. மருத்துவர் கணினியைப் பார்த்தபடியே, கணையத்தில் புற்றுநோய், ஈரலுக்கும் பரவிவிட்டது என்றார். மரிவோன் அவர் நிமிர்ந்து பார்ப்பதற்காகக் காத்திருந்தாள். அவர் காகிதம் அச்சாகி வருவதைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவளுக்கு அழுகை வரவில்லை. எத்தனையோ அறைகளில் கேட்டவுடன் வந்தது, இங்கே வரவில்லை.

"ஏதாவது கேக்கணுமா?" என்றார்.

"இல்ல டாக்டர்."

மறுநாள் கல்லூரிக்குப் போன் செய்து, இனி வர முடியாது, உடம்பு சரியில்லை என்றாள். அலுவலகப் பெண் மிகவும் வருத்தப்பட்டாள். செவ்வாய்க்கிழமை முப்பது மாணவர்கள் வருகிறார்களாம்.

"உங்க வயசுல வேற யாராவது தெரிஞ்சவங்க இருக்காங்களாம்மா? நல்லா அழுறவங்களா?"

மரிவோன் கொஞ்சம் யோசித்தாள். இரண்டு வருடமாக வேலையில்லாமல் இருக்கும் ஒரு தோழியின் பெயரைச் சொல்லி, எண்ணையும் கொடுத்தாள்.