நர்ஸ் ஹெட்விக் சாக வேண்டிய காலை

அல்முட் வெஸ்லிங் முதன்முதலாகத் திரையில் வந்தபோது அவள் முகம் தெரியவில்லை. கிழக்கு ஜெர்மனியின் சினிமா நகரமான பாபெல்ஸ்பெர்க்கில் நடிப்புப் படித்துக்கொண்டிருந்த இருபது வயதில், ஒரு படத்துக்காகப் பால்டிக் கடலுக்குள் நடந்து போனாள். கேமரா வெகு தூரம் பின்னால் இருந்தது. இடுப்பளவு தண்ணீரில் நிற்கச் சொல்லியிருந்தார்கள். அவள் தோளளவு வரை போனாள். ஸ்ட்ரால்சுண்டில் அந்தக் கடலைப் பார்த்தே வளர்ந்தவளுக்குத் திரும்பி வரத் தெரியாதா என்ன!

அப்புறம் முகமும் வந்தது. ஆசிரியையாக, டிராக்டர் ஓட்டுபவளாக, மாயக்கதை ஒன்றில் மாவு மில்காரரின் மூத்த மகளாக நடித்தாள். பெர்லின் சுவர் விழுந்த வருஷம் அவளுக்கு முப்பத்தெட்டு வயது. அவள் நடித்துவந்த அரசு ஸ்டுடியோ கைமாறியது, தொலைபேசி ஊமையானது. நாலு வருஷம் ஒரு கடையில் திரைச்சீலை அளந்து வெட்டினாள். துணியை உதறி விரிக்கும்போதெல்லாம், அதன்மேல் ஏதோ படம் ஓடப்போவதுபோல ஒரு கணம் காத்திருப்பாள்.

பிறகு ஒரு மருத்துவமனைத் தொடர் கிடைத்தது. மூன்று வாரத்துக்கு என்று எழுதப்பட்ட நர்ஸ் ஹெட்விக் பதினேழு வருஷம் நீடித்தாள். ரயிலில் முன்பின் தெரியாதவர்கள் கால் வீக்கத்தைக் காட்டி யோசனை கேட்டார்கள். உப்பைக் குறையுங்கள் என்று அல்முட்டும் சொல்லிவைப்பாள்.

பதினேழாம் வருஷ இலையுதிர்காலத்தில் வந்த திரைக்கதைப் பிரதியின் முப்பத்தோராம் பக்கத்தில், பனிமூட்டத்துக்குள் மிதக்கும் படகில் படுத்தபடி ஹெட்விக் செத்துப்போனாள்.

அல்முட் தயாரிப்பாளரிடம் போனாள்.

"அவ ஊரை விட்டுப் போறாள்னு எழுதுங்களேன். போனவளைத் திரும்பக் கூப்பிடலாம். செத்தவளை எப்படிக் கூப்பிடுவீங்க?"

எல்லாம் முடிவாகிவிட்டது என்றார் அவர். அறுபதை நெருங்குகிறவளுக்கு இன்னொரு ஹெட்விக்கை யார் எழுதப்போகிறார்கள்?

படப்பிடிப்பன்று ஏரியின்மேல் பனி பால்போலத் தேங்கியிருந்தது. இருபது நிமிஷம்தான் நிற்கும். அந்தக் குளிரில் மூச்சு வெள்ளையாக வரும். பிணத்துக்கு வரக் கூடாது. ஒப்பனைக்காரர் டீலோ அவள் வாயில் ஐஸ் கட்டி ஒன்றைப் போட்டார்.

"வாய் ஜில்லுன்னு இருந்தா ஆவி வராது. கடிச்சுத் தின்னுடாதீங்க."

"சாகப்போறவகிட்ட இவ்வளவு கறாரா?"

ஐஸ் சீக்கிரமே கரைந்துவிட்டது.

"கட்! ஹெட்விக் புகையுறாங்க!" என்று கரையிலிருந்து கத்தினாள் இயக்குநர் யோர்டிஸ். முப்பது வயதுப் பெண்.

குழுவுக்கோ ஒரே கொண்டாட்டம். இது 222ஆம் காட்சி. அடுத்தது இரண்டாவது டேக். கிளாப் பலகையில் எல்லா இலக்கமும் ஒரே எண்ணாக வந்துவிட்டால் டேக் முடிந்ததும் எல்லோருக்கும் ஷ்னாப்ஸ் சாராயம் ஊற்றுவது வழக்கம்.

"எங்களுக்காகத்தானே மூச்சு விட்டீங்க, அல்முட்? தங்கமான மனசு!" என்றார் டீலோ.

அல்முட் மானிட்டரில் தன் பிணத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். உதட்டிலிருந்து ஒரு வெள்ளை இழை எழுந்து பனியோடு கலந்தது.

"அழகா இருக்கே."

"அழகுதான். ஆனா உயிரோட இருக்கீங்களே!" என்றாள் யோர்டிஸ்.

புதிய ஐஸோடு படகைத் தள்ளிவிட்டார்கள். கேமரா ஓடுவதற்குள் அல்முட் தலையைத் திருப்பி, ஐஸைத் தண்ணீரில் துப்பிவிட்டுப் படுத்துக்கொண்டாள். கரையின் குரல்கள் ஒவ்வொன்றாக அடங்கின. வானமும் ஏரியும் ஒரே வெண்மையாக இருந்தன; படகு எதன்மேல் மிதக்கிறது என்றே தெரியவில்லை. முடிந்தவரை மூச்சை அடக்கிக் கிடந்தாள். பிறகு ஒரே ஒரு முறை, மெதுவாக விட்டாள்.

"கட்" வர நேரமாயிற்று.

பனி விலகி எதிர்க்கரைப் பைன் மரங்கள் தெரிந்தன. கரையில் கோப்பைகள் நிறைந்தன. அல்முட்டுக்கு இன்று கடைசி நாள் என்று உதவி இயக்குநர் அறிவிக்க, எல்லோரும் கைதட்டிப் பூங்கொத்துக் கொடுத்தார்கள். யோர்டிஸ் ஒரு கோப்பையை நீட்டியபடி பக்கத்தில் வந்தாள்.

"ஐஸ் எங்கே?"

"ஏரியில."

"இன்னொரு டேக் எடுக்க முடியாதுன்னு உங்களுக்குத் தெரியும்."

"தெரியும்."

"தயாரிப்பாளர் என்னைக் கொன்னுடுவார்."

"அது அவருக்குக் கைவந்த கலை."

யோர்டிஸ் சிரிப்பை அடக்கப் பார்த்தாள், முடியவில்லை. ஷ்னாப்ஸை ஒரே மடக்கில் குடித்தாள்.

"அந்த மூச்சைக் கம்ப்யூட்டர்ல அழிச்சிடலாம். ஆனா யாராவது பார்த்திருந்தாத்தானே? நான் எதையும் பார்க்கலை."

பிப்ரவரியில் அந்தக் காட்சி ஒளிபரப்பானபோது அந்த வெள்ளை இழை அப்படியே இருந்தது. மறுநாளிலிருந்து தொலைக்காட்சி நிலையத்துக்குக் கடிதங்கள் வரத் தொடங்கின: அந்தம்மா குளிரில் கிடக்கிறார், யாராவது போய்ப் படகைக் கரைக்கு இழுங்கள்.