நோட்டோடு வந்த சீஷர்

குமணன்சாவடியில் ஒரு மாவு மில்லுக்கு மேல்மாடியில்தான் எங்கள் சபை. அதற்கு நான் பாஸ்டர். வந்தோம், பாடினோம், போகிற வழியில் பிரியாணி வாங்கினோம் என்று இருப்பவர்களைக் கண்டால் எனக்குக் கோபம் வரும். வருகிற ஒவ்வொருவரையும் இயேசுவின் சீஷராக்கிவிட வேண்டும் என்பது என் பிடிவாதம்.

இதில் எனக்குத் தண்ணி காட்டியவர் ஒரு பெரியவர். ஆவடிப் பக்கம் ஒரு தொழிற்சாலையில் தரப் பரிசோதகராக இருந்து ஓய்வு பெற்றவர். இரண்டு வருடமாக ஒரு ஞாயிறு தவறாமல் வருகிறார், ஞானஸ்நானம் மட்டும் எடுக்க மாட்டேன் என்கிறார். கேட்டால், "நா இன்னும் ரெடி ஆவல பாஸ்டர். ஜெபம் பண்ண குந்துனா தூக்கம் வருது. வாயத் தொறந்தா பொய் வருது. என்னைய பாஸ் பண்ணா உங்களுக்குத்தான் அசிங்கம்" என்பார். அவர் அப்படியே நின்றுவிடுவாரோ என்று எனக்கு உண்மையிலேயே கவலை.

ஒருநாள் பெருமையாகச் சொன்னேன்: "சீஷத்துவம் வகுப்புல வராதுங்க. ஒரு வாரம் என் கூடவே இருங்க. நான் எப்படி வாழறேன்னு பாருங்க. தானா வரும்."

திங்கட்கிழமை காலை ஐந்து மணிக்கு வாசலில் நின்றார். கையில் நீள நோட்டு, சட்டைப் பையில் இரண்டு பேனா.

போகுமிடமெல்லாம் கூடவே வந்தார், எழுதிக்கொண்டே இருந்தார். என் மனைவிக்கு அவரை ரொம்பப் பிடித்துவிட்டது. இருபது வருடமாக என்னைப் பற்றி அவள் வாயால் சொல்லிவந்ததை ஒருவர் எழுத்தில் எடுக்கிறார் என்பதால் தினமும் அவருக்கு இரண்டாவது காபி கிடைத்தது. எனக்குக் கிடைக்கவில்லை.

சனிக்கிழமை நோட்டை மூடிவிட்டு, "நாளைக்கி சாட்சி நேரத்துல பேசணும் பாஸ்டர்" என்றார். ஆண்டவர் தனக்குச் செய்ததை எல்லார் முன்னும் சாட்சியாகச் சொல்ல யார் மைக் கேட்டாலும் மறுக்கக்கூடாது என்பது எங்கள் சபையின் விதி. அதைப் போட்ட புத்திசாலி நான்தான்.

ஞாயிறு காலை கரண்ட் போக வேண்டும் என்று ஜெபித்தேன். போகவில்லை. பெரியவர் மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு நோட்டைப் பிரித்தார்.

"திங்க கெழம. அஞ்சு பத்துக்கு பாஸ்டர் முட்டி போட்டாரு. அஞ்சு இருவதுக்கு கொறட்ட."

சபையில் யாரோ இருமினார்கள்.

"செவ்வா கெழம. போரூர்ல ஒரு அம்மா வூட்டுக்கு ஜெபத்துக்குப் போவணும். அவங்க போன் பண்ணாங்க. 'ஐயப்பன்தாங்கல் தாண்டிட்டேன்மா'ன்னு சொன்னாரு. அப்போ வூட்டுல லுங்கி கட்டிகினு மொகத்துல சோப்பு போட்டுகினு இருந்தாரு."

போரூர் அம்மா முன்வரிசையில் திரும்பி என்னைப் பார்த்தார். என் மனைவி முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள். எனக்கு மாவு மில்லுக்குள் இறங்கி ஒளிந்துகொள்ளலாம் போலிருந்தது.

"போற வழியில அந்தப் பொய் உறுத்துதுன்னு என்னாண்ட சொன்னாரு. அந்தம்மா வூட்டுக்குப் போயும், சொல்ல தைரியம் வராம, ஜெபம் மட்டும் பண்ணிட்டு வந்துட்டாரு. அத்தையும் எழுதிகீறேன்."

இப்படியே சனிக்கிழமை வரை வாசித்தார். பிறகு கண்ணாடியைக் கழற்றினார்.

"முப்பது வருசம் செக்கிங்ல இருந்தவன் நானு. இத்தினி குத்தம் இருந்தா தூக்கி ஓரமா வெச்சிடுவேன். ஆனா ஆண்டவர் இவர பாஸ் பண்ணி பாஸ்டராவே வெச்சிகீறாரு." மைக்கை என் பக்கம் நீட்டினார். "இவரே பாஸுன்னா நானும் பாஸுதான். அடுத்த வாரம் எனக்கு ஞானஸ்நானம் குடுத்துடுங்க."

சபை சிரித்த சிரிப்பில் எனக்கு வெட்கமும் அழுகையும் ஒன்றாக வந்தன. மைக்கை வாங்கி, முதலில் போரூர் அம்மாவிடம் மன்னிப்புக் கேட்டேன்.

அடுத்த ஞாயிறு நெமிலிச்சேரியில் ஒரு பம்ப் செட் தொட்டியில் அவருக்கு ஞானஸ்நானம் கொடுத்தேன். அவரைத் தண்ணீரில் முக்கித் தூக்கும்போது கால் வழுக்கி நானும் முழுசாக முங்கி எழுந்தேன். முகத்தைத் துடைத்துக்கொண்டு அவர் கரையில் நின்ற என் மனைவியைப் பார்த்தார்.

"பாஸ்டரம்மா, அந்த நோட்ட எடுங்க."