துடியலூரில் பறிபோன பை

கோவையில் அண்ணன் மகளுக்கு நிச்சயதார்த்தம். மேட்டுப்பாளையத்தில் பேருந்து ஏறினேன். இரண்டு நாளாகவே என் வலது கண்ணில் மின்னல் வெட்டியது. கரும்புள்ளிகள் கொசு போல மிதந்தன. தூக்கம் போதவில்லை என்று நினைத்துக்கொண்டேன். அன்று காலையிலிருந்து கண்ணோரத்தில் ஒரு கறுப்புத் திரை வேறு.

இல்லாத கொசுவை நான் விரட்டுவதைப் பார்த்த பக்கத்து இருக்கைப் பெண், "ஏனுங்க அம்மணி, கண்ணுல என்னங்க?" என்று கேட்டார். சொன்னேன். அவர் முகம் மாறிவிட்டது.

"எங்க ஊட்டுக்காரருக்கும் இப்படித்தானுங்க ஆரம்பிச்சுது. சும்மா உட்டுப்போட்டோம், ஒரு கண்ணே போயிருச்சு. இப்பவே ஆசுபத்திரிக்கு வாங்க."

"நல்ல காரியத்துக்குப் போறேனுங்க, அபசகுனமாப் பேசாதீங்க!" என்று சீறினேன்.

துடியலூரில் பேருந்து நின்றதும் அவர் என் பையைப் பிடுங்கிக்கொண்டு இறங்கிவிட்டார்! "திருடி! திருடி!" என்று கத்திக்கொண்டே பின்னால் ஓடினேன். அவரோ அதற்குள் ஓர் ஆட்டோவை நிறுத்தியிருந்தார்.

"ஆசுபத்திரில உக்காந்து எவ்வளவு வேணும்னாலும் திட்டுங்க. மொதல்ல ஏறுங்க கண்ணு."

மருத்துவர் பரிசோதித்துவிட்டு, "விழித்திரை கிழிஞ்சு பிரிய ஆரம்பிச்சிருக்குதுங்க. உங்களை மாதிரி கிட்டப்பார்வைக்குக் கனமான கண்ணாடி போடறவங்களுக்கு இது வர வாய்ப்பு அதிகம். நடுப்பகுதி இன்னும் தப்பிச்சிருக்கு. உடனே ஆபரேஷன் பண்ணிரலாம்" என்றார்.

அந்தப் பெண்ணின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன்.

கண் பிழைத்தது! சில வாரங்கள் கழித்து, அந்தக் கண்ணாலேயே பேருந்தின் ஊர்ப்பலகையைப் படித்தபோது நின்ற இடத்திலேயே துள்ளிக் குதித்தேன்.

இப்போதெல்லாம் கண்ணில் மின்னுகிறது என்று யார் சொன்னாலும் என்னால் சும்மா இருக்க முடிவதில்லை. கோபித்துக்கொள்ளட்டும், பார்வை தங்கினால் சமாதானத்தைப் பிறகு பேசிக்கொள்ளலாம்.